வயிறு தெரியலாம், வார்த்தை கூடாது: லூசியின் பிரசவமும் 1953-ஆம் ஆண்டு அமெரிக்காவும்

1953 ஜனவரி 19, திங்கட்கிழமை. அன்று காலை லாஸ் ஏஞ்சலிஸ் நகரின் சீடர்ஸ் ஆஃப் லெபனான் மருத்துவமனையில் லூசில் பால் என்ற நடிகைக்கு அறுவைச் சிகிச்சை மூலம் ஆண் குழந்தை பிறந்தது. அன்று இரவு சிபிஎஸ் தொலைக்காட்சியில், அவர் நடித்த ‘ஐ லவ் லூசி’ என்ற நகைச்சுவைத் தொடரில், லூசி ரிக்கார்டோ என்ற கதாபாத்திரத்துக்கும் ஆண் குழந்தை பிறந்தது. தொலைக்காட்சிப் பெட்டி இருந்த வீடுகளில் 71.7 விழுக்காட்டில் அந்தப் பகுதி ஓடியதாகக் கணக்கிட்டார்கள். பார்த்தவர்கள் ஏறத்தாழ 4 கோடியே 40 இலட்சம் பேர். மறுநாள் ஐசன்ஹோவர் குடியரசுத் தலைவராகப் பதவியேற்றதைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்களோ ஏறத்தாழ 2 கோடியே 90 இலட்சம் பேர்தான்.

இந்த ஒப்பீடு அமெரிக்கத் தொலைக்காட்சி வரலாற்றில் திரும்பத் திரும்பச் சொல்லப்படுவது. கூச்சத்தோடு மூடிவைத்திருந்த கர்ப்பத்தை ஒரு நடிகை நாட்டின் வரவேற்பறைக்குக் கொண்டுவந்துவிட்டார் என்பதே அதைச் சொல்பவர்களின் வழக்கமான முடிவு. அது பொய்யல்ல, ஆனால் பாதிதான். அந்தத் தொடர் கர்ப்பத்தைக் காட்டியது, ஆனால் அதை வீட்டுக்குள் வைத்துக் காட்டியது. அதே நேரத்தில், அதே வயிற்றோடு, கேமராக்களின் முன்னே நின்று சம்பளத்துக்கு வேலை செய்துகொண்டிருந்த பெண் ஒருவர் கோடிக்கணக்கானவர்களின் கண்ணெதிரில் இருந்தும் ‘வேலை செய்யும் கர்ப்பிணி’ என்ற கணக்கில் வரவேயில்லை. வெகுசனப் பண்பாடு பெண்ணின் இடத்தை வகுத்த விதத்தை இந்த ஒரு நிகழ்வை வைத்து ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். இதில் நடிகையை ‘அவர்’ என்றும் கதாபாத்திரத்தை ‘அவள்’ என்றும் குறிப்பிடுகிறேன். ஒரே உடலில் இந்த அவரும் அவளும் சேர்ந்திருந்ததுதான் இந்த நிகழ்வின் சிக்கலே.

மறைத்த வயிறு

லூசில் பால் 1911-இல் நியூயார்க் மாநிலத்தின் ஜேம்ஸ்டவுனில் பிறந்தவர். 1930-களில் ஹாலிவுட்டுக்கு வந்து, ஆர்கேஓ உள்ளிட்ட ஸ்டுடியோக்களில் சிறிய செலவில் எடுக்கப்பட்ட படங்களின் நாயகியாகக் காலம் தள்ளியவர். 1948 முதல் சிபிஎஸ் வானொலியில் இல்லத்தரசி வேடத்தில் நடித்த நகைச்சுவைத் தொடர்தான் அவருக்கு நிலையான பெயரைத் தந்தது. அதைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவர நிறுவனம் விரும்பியபோது, கணவன் வேடத்தில் தம் சொந்தக் கணவர் டெஸி அர்னாஸ்தான் நடிக்க வேண்டும் என்று அவர் பிடிவாதமாக நின்றார். அர்னாஸ் கியூபாவிலிருந்து வந்த இசைக்குழுத் தலைவர். ஸ்பானிய வாடையோடு ஆங்கிலம் பேசும் ஒருவரை ஒரு வெள்ளை அமெரிக்கப் பெண்ணின் கணவனாக மக்கள் ஏற்பார்களா என்று நிறுவனம் தயங்கியது. 1950 கோடையில் இருவரும் ஊர் ஊராகச் சென்று மேடை நிகழ்ச்சி நடத்தி, கைத்தட்டல் வாங்கிக் காட்டிய பிறகே அந்தத் தயக்கம் தளர்ந்தது.

1951 மார்ச்சில் தொடரின் மாதிரிப் பகுதி படமாக்கப்பட்டபோது லூசில் பால் கர்ப்பமாக இருந்தார் என்பது இந்த வழக்கில் அதிகம் பேசப்படாத செய்தி. தொளதொளப்பான ஆடைகளை அணிந்து வயிற்றை மறைத்துக்கொண்டு அவர் நடித்தார். மகள் லூசி அர்னாஸ் அவ்வாண்டு ஜூலை 17-இல் பிறந்தார். தொடர் அக்டோபர் 15-இல் ஒளிபரப்பைத் தொடங்கியது. ஆக, 1952-இல் அவர் மீண்டும் கருவுற்றபோது, மறைத்து நடிப்பது எப்படி என்பது அந்தக் குழுவுக்குப் புதிய பாடமல்ல. இம்முறை மறைக்காமல் விட்டதற்குக் காரணம் கொள்கை மட்டுமல்ல. வாரந்தோறும் வர வேண்டிய தொடரில் பல மாத வயிற்றை மேசைக்கும் நாற்காலிக்கும் பின்னால் ஒளித்துவைப்பது நடக்கிற காரியமாக இல்லை.

கர்ப்பச் செய்தியை அர்னாஸ் தயாரிப்பாளரும் தலைமை எழுத்தாளருமான ஜெஸ் ஓப்பன்ஹைமரிடம் சொன்னபோது, தொடரை நிறுத்த வேண்டியதில்லை, லூசி ரிக்கார்டோவுக்கும் குழந்தை பிறக்கட்டும் என்று அவர் சொன்னார். சிபிஎஸ்ஸும் விளம்பரதாரரான பிலிப் மாரிஸ் சிகரெட் நிறுவனமும் அதன் விளம்பர முகமையும் இதை எதிர்த்தன. ஒன்றிரண்டு பகுதிகளோடு முடித்துக்கொள்ளலாமே என்ற பேரமும் நடந்தது. அர்னாஸ் பிலிப் மாரிஸ் நிறுவனத்தின் தலைவர் ஆல்ஃபிரட் லயன்ஸுக்கு நேரடியாகக் கடிதம் எழுதினார்: நாட்டிலேயே அதிகம் பேர் பார்க்கும் தொடரை உங்களுக்குக் கொடுத்திருக்கிறோம், கதையை நீங்கள் தீர்மானிப்பதானால் அந்த இடத்தைத் தக்கவைப்பதும் உங்கள் பொறுப்பாகிவிடும் என்பது அதன் சாரம். லயன்ஸ் தம் ஆட்களுக்கு, அந்தக் கியூபாக்காரரோடு வம்பு வேண்டாம் என்று அச்சில் ஏற்ற முடியாத ஒரு வினைச்சொல்லைச் சேர்த்துக் குறிப்பு அனுப்பினாராம். எதிர்ப்பு அத்தோடு அடங்கியது. கர்ப்பிணியின் கதைக்குப் பணம் கொடுத்தது சிகரெட் வியாபாரம் என்பது இன்றைய வாசகரின் கண்ணை உறுத்தும். அன்று தகராறு முழுவதும் வயிற்றைப் பற்றியதாகத்தான் இருந்தது, புகையைப் பற்றியதாக இல்லை.

சொல்லக் கூடாத சொல்

அனுமதி கிடைத்தது, ஆனால் நிபந்தனையோடு. கர்ப்பம் என்பதற்கான நேர்ச் சொல்லான ‘பிரெக்னன்ட்’ ஒளிபரப்பில் ஒலிக்கக் கூடாது. ‘எதிர்பார்த்திருக்கிறாள்’ என்ற பொருள் தரும் ‘எக்ஸ்பெக்டிங்’ என்றுதான் சொல்ல வேண்டும். ‘முழுகாமல் இருக்கிறாள்’, ‘மாசமாக இருக்கிறாள்’ என்று சொல்லி வளர்ந்த தமிழ்க் காதுக்கு இது விளங்காத தயக்கமல்ல. இடக்கரடக்கல் எல்லா மொழியிலும் உண்டு. ஆனால் நம் பாட்டிமார் அதைத் தம் விருப்பத்தில் செய்தார்கள். இங்கே ஒரு வணிக நிறுவனம் அதை எழுத்தாளர்களுக்கு நிபந்தனையாக வைத்தது. செய்தி வெளிப்படும் பகுதிக்கு எழுத்தாளர்கள் தலைப்பில் அதே பொருள் தரும் ஒரு பிரெஞ்சுச் சொல்லை வைத்துக்கொண்டார்கள். தலைப்பு திரையில் வருவதில்லை என்பதால் அந்தச் சிறிய குறும்பு எவரையும் புண்படுத்தவில்லை. இதற்கு மேல், ஒரு கத்தோலிக்கப் பாதிரியார், ஒரு சீர்திருத்தத் திருச்சபைப் போதகர், ஒரு யூத மதகுரு ஆகிய மூவரிடம் ஒவ்வொரு பகுதியின் கதைவசனமும் காட்டப்பட்டது. ஆட்சேபிக்கத்தக்கதாக எதையும் அவர்கள் காணவில்லை. அந்த நேர்ச் சொல்லில்கூட என்ன தவறு என்றுதான் கேட்டார்களாம். சமயத்தின் கூச்சத்தைவிட விளம்பர முகமையின் கூச்சம் பெரிதாக இருந்தது என்பது கவனிக்க வேண்டிய இடம்.

இந்தக் கூச்சம் தொலைக்காட்சியில் பிறந்ததல்ல. ஹாலிவுட் திரைப்படத் துறை 1930-இல் தனக்குத்தானே வகுத்துக்கொண்ட ஒழுக்க விதிகள், பிரசவக் காட்சியை நிழலுருவமாகக்கூடக் காட்டக் கூடாது என்று தடுத்திருந்தன. ஒளிபரப்பாளர் சங்கத்தின் தொலைக்காட்சி நெறிமுறை 1952 மார்ச்சில் நடைமுறைக்கு வந்தது. லூசியின் கர்ப்பம் அந்த நெறிமுறையின் முதல் ஆண்டிலேயே வந்த சோதனை. இங்கே ஒரு திருத்தமும் தேவை. அமெரிக்கத் தொலைக்காட்சியில் கதையோடு கலந்த முதல் கர்ப்பம் இதுவல்ல. ‘மேரி கே அண்ட் ஜானி’ என்ற தொடரில் நடித்த தம்பதிக்கு 1948 இறுதியில் குழந்தை பிறந்தது, அது கதையிலும் சேர்க்கப்பட்டது. ஆனால் 1950-இல்கூட அமெரிக்க வீடுகளில் பத்தில் ஒன்றுக்குக் குறைவானவற்றில்தான் தொலைக்காட்சி இருந்தது. 1955-இல் மூன்றில் இரண்டு வீடுகளை அது எட்டிவிட்டது. முதலில் செய்தவரை விட்டுவிட்டு ஊரே பார்க்கச் செய்தவரை வரலாறு நினைவில் வைத்துக்கொண்டது.

ஏழு வாரங்கள்

1952 டிசம்பர் 8 முதல் 1953 ஜனவரி 19 வரை ஏழு பகுதிகள் ஒளிபரப்பாகின. முதல் பகுதியில் லூசி மருத்துவரைப் பார்த்துவிட்டு வந்து கணவன் ரிக்கியிடம் செய்தியைச் சொல்ல முயல்கிறாள். ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்று குறுக்கே வருகிறது. கடைசியில் அவன் பாடும் இரவு விடுதிக்கே போய், பெயர் குறிப்பிடாத ஒரு சீட்டை அனுப்புகிறாள். யாரோ ஒரு தம்பதிக்குக் குழந்தை பிறக்கப்போகிறது என்று நினைத்துக்கொண்டு ரிக்கி மேசை மேசையாகப் பாடிக்கொண்டே வந்து, மனைவியின் மேசையில் நின்று, அவள் தலையசைத்ததும் விளங்கிக்கொள்கிறான். படப்பிடிப்பில் நடிகர்கள் இருவரும் உண்மையாகவே அழுதுவிட்டார்கள். மறுபடி ஒருமுறை எடுத்துப் பார்த்தும், முதலில் எடுத்ததையே வைத்துக்கொண்டார்கள். நகைச்சுவைத் தொடர்களில் இத்தனை நேர்மையான சில நிமிடங்கள் அரிதாகவே கிடைக்கும்.

அதன் பிறகு வந்த பகுதிகளைக் கவனமாகப் பார்த்தால், பெரும்பாலானவை லூசியின் ஒரு ‘கிறுக்கை’ மையமாகக் கொண்டிருப்பது தெரியும். கர்ப்பிணிகளின் மனம் நொடிக்கு நொடி மாறும் என்பது ஒரு பகுதியின் தலைப்பிலேயே வருகிறது. இன்னொன்றில், குழந்தைக்கு நல்ல உச்சரிப்பு வர வேண்டும் என்று ஆங்கில ஆசிரியரை வைத்துக்கொள்கிறாள். மற்றொன்றில், குழந்தை கலையுணர்வோடு வளர வேண்டும் என்று சிற்பம் செய்யக் கிளம்புகிறாள். ஜனவரி 5-இல் வந்த பகுதியில், எல்லாருடைய கவனமும் மனைவியின் மீதே இருப்பதால் ஏங்கிப்போன ரிக்கிக்கே வயிற்றுவலி வந்துவிடுகிறது. இவற்றுக்கிடையே டிசம்பர் 22-இல் வந்த பகுதி நம் ஆய்வுக்கு முக்கியமானது: குழந்தை பிறப்பதற்குள் கணவனின் மேடையில் ஒருமுறையாவது இடம்பிடித்துவிட வேண்டும் என்று லூசி துடிக்கிறாள். தாய்மை வந்துவிட்டால் மேடைக் கனவுக்கு விடைகொடுத்தாக வேண்டும் என்பது அந்தக் கதை கேள்வியின்றி எடுத்துக்கொண்ட அடிப்படை. மேடைக்கு வரத் துடிக்கும் மனைவியும் அதைத் தடுக்கும் கணவனும்தான் தொடர் முழுவதற்குமான கதைக்கரு. கர்ப்பம் அந்தக் கருவுக்குக் காலக்கெடு வைத்தது, அவ்வளவுதான்.

பிரசவப் பகுதி இன்னும் வெளிப்படையானது. கணவனும் பக்கத்து வீட்டு மெர்ட்ஸ் தம்பதியும் மருத்துவமனைக்குப் புறப்படுவதை ஒத்திகை பார்த்து வைத்திருக்கிறார்கள்; லூசி நேரம் வந்துவிட்டது என்றதும் ஒத்திகை சிதறி, மூவரும் ஒருவர் மேல் ஒருவர் மோதிக்கொள்கிறார்கள். மருத்துவமனையில் சக்கர நாற்காலியில் உட்கார்ந்திருப்பவன் ரிக்கி. லூசி உள்ளே போன பிறகு அந்தப் பகுதியில் அவளை நாம் பார்ப்பதே இல்லை. தந்தையர் காத்திருக்கும் அறை, இரவு விடுதி மேடைக்காகப் பூசிய பயங்கரமான முகப்பூச்சோடு ஓடிவரும் ரிக்கி, அலறும் செவிலி, கண்ணாடிக்கு அப்பால் மகனைப் பார்த்ததும் மயங்கிவிழும் தந்தை என்று கதை நகர்கிறது. 4 கோடியே 40 இலட்சம் பேர் பார்த்த பிரசவத்தில் பெற்றவள் இல்லை. தந்தையரை வெளியே நிறுத்தி, தாய்க்கு மயக்க மருந்து கொடுத்துப் பிள்ளைப்பேறு நடத்தியதே அக்கால அமெரிக்க மருத்துவமனைகளின் பெருவழக்கம் என்பதால், இதை முழுக்கத் தொடரின் குற்றமாகச் சொல்வது நியாயமாகாது. ஆனால் பிள்ளை பெறுவதைத் தந்தையின் அனுபவமாக மாற்றிச் சொல்லும் அந்த அமைப்பு, தணிக்கையை வசதியாகத் தாண்டவும் உதவியது.

கர்ப்பம் காட்டப்பட்டது, ஆனால் அது எப்படி வந்தது என்ற எண்ணமே எழக் கூடாது. தொடக்கத்தில் ஒன்றோடொன்று ஒட்டிப் போடப்பட்டிருந்த லூசி, ரிக்கியின் தனித்தனிக் கட்டில்கள், குழந்தை பிறந்த பிறகு இடைவெளி விட்டுப் பிரிக்கப்பட்டன. ஒழுக்கம் பற்றிய கவலை இவ்வளவு பிந்தி வந்ததில் ஒரு நகைச்சுவை இருக்கிறது; அதை எழுதியவர்கள் தொடரின் எழுத்தாளர்கள் அல்லர்.

யாருக்காக இந்தக் கதை

வீடே பெண்ணின் இடம் என்பதைத் தொடர் போதித்ததா? நேரடியாக இல்லை. கர்ப்பச் செய்திக்கு மூன்று மாதங்களுக்கு முன், 1952 செப்டம்பர் 15-இல் வந்த பகுதியில், மனைவியர் இருவரும் சாக்லேட் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போக, கணவர்கள் இருவரும் வீட்டைப் பார்த்துக்கொள்கிறார்கள். ஓடும் பட்டையில் வரும் சாக்லேட்டுகளைச் சுற்றிக் கட்ட முடியாமல் பெண்கள் வாயிலும் தொப்பியிலும் திணித்துக்கொள்கிறார்கள். சமையலறையில் ஆண்கள் பொங்கி வழியும் சோற்றோடு மல்லுக்கட்டுகிறார்கள். இருதரப்பும் தோற்று, அவரவர் இடத்துக்கே திரும்புவதோடு கதை முடிகிறது. அமெரிக்கத் தொலைக்காட்சியின் மிகச் சிறந்த நகைச்சுவைக் காட்சிகளில் ஒன்று அது என்பதில் எனக்கு மாறுபட்ட கருத்தில்லை. ஆயினும் அந்தச் சிரிப்பு கடைசியில் எதை மீட்டு நிறுத்துகிறது என்று கேட்கத்தான் வேண்டும்.

இரண்டாம் உலகப் போர் முடிந்து ஏழாண்டுகள் ஆகியிருந்த காலம் அது. பெண்கள் சராசரியாக இருபது வயதைத் தாண்டியதும் மணம் செய்துகொண்டார்கள். 1946-இல் தொடங்கிய பிறப்புப் பெருக்கம் 1957-இல் ஓராண்டுக்கு 43 இலட்சம் குழந்தைகள் என்ற உச்சத்தை எட்டவிருந்தது. அந்தப் பெருக்கத்துக்கு லூசி காரணமல்ல. அவள் அதற்குள் பிறந்த கதை. ஆனால் வேலைக்குப் போகும் பெண்கள் அப்போதே குறைவாக இல்லை. 1950-இல் மணமான பெண்களில் ஏறக்குறைய நான்கில் ஒருவர் சம்பள வேலையில் இருந்தார். கணவரோடு வாழ்ந்து, ஆறு வயதுக்குட்பட்ட குழந்தை வைத்திருந்த தாய்மாரிலும் நூற்றுக்குப் பன்னிரண்டு பேர் வேலைக்குப் போனார்கள். இந்தப் பெண்களுக்குத் திரையில் உருவம் இல்லை. திரையில் இருந்தவள், வேலை கேட்டு ஒவ்வொரு வாரமும் தோற்று ஒவ்வொரு வாரமும் மன்னிக்கப்படும் மனைவி. அவளை எழுதிய குழுவில் இருந்த மேடலின் பியூ, அக்கால எழுத்தாளர் அறைகளில் அரிதாகக் காணப்பட்ட பெண். லூசில் பால் செய்ய வேண்டிய உடற்சாகசங்களை முதலில் தாமே செய்துபார்த்து, அவை நடக்கக்கூடியவைதானா என்று உறுதிசெய்தவர். வேலைக்குப் போகும் ஒரு பெண் எழுதி, வேலைக்குப் போகும் ஒரு பெண் நடித்து, வேலைக்குப் போக முடியாத பெண்ணை இருவருமாக நாட்டுக்குக் கொடுத்தார்கள்.

வணிகம் இதை உடனே விளங்கிக்கொண்டது. பொம்மைகள், குழந்தை அறைக்கான மரச்சாமான்கள், பேறுகால ஆடைகள் எனத் தொடரின் பெயரில் பொருள்கள் கடைக்கு வந்தன. 1953 பிப்ரவரியில் விளம்பரதாரரோடும் சிபிஎஸ்ஸோடும் 80 இலட்சம் டாலர் ஒப்பந்தம் கையெழுத்தானது. ‘டிவி கைட்’ இதழ் ஏப்ரல் 3-இல் தன் முதல் தேசியப் பதிப்பை வெளியிட்டபோது, அட்டையை நிறைத்தது பிறந்து இரண்டரை மாதம் ஆன குழந்தையின் முகம். லூசிக்குப் பிறந்த ஐந்து கோடி டாலர் குழந்தை என்பது தலைப்பு. தாயின் படம் மூலையில் சிறியதாக இருந்தது.

விடுப்பு எடுத்தவர்

இனி அவளை விட்டு அவருக்கு வருவோம். தொடரை நியூயார்க்கிலிருந்து நேரலையாக நடத்த வேண்டும் என்று விளம்பரதாரர் முதலில் விரும்பினார். தம்பதியர் ஹாலிவுட்டை விட்டு நகர மறுத்து, பார்வையாளர்கள் முன்னிலையில் மூன்று கேமராக்களால் படச்சுருளில் பதிவுசெய்யும் முறையை ஏற்படுத்தினார்கள். அதற்காகக் கூடிய செலவை ஈடுகட்டத் தம் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, பதிலாகப் படச்சுருள்களின் உரிமையைத் தங்கள் டெசிலு நிறுவனத்துக்கு வாங்கிக்கொண்டார்கள். இந்த ஏற்பாடு இல்லாவிட்டால் லூசியின் கர்ப்பம் திரைக்கு வந்திருக்கவே முடியாது. ஏழு பகுதிகளும் 1952 அக்டோபர் தொடக்கத்திலிருந்து நவம்பர் நடுப்பகுதிக்குள் முன்கூட்டியே படமாக்கப்பட்டுவிட்டன. பிரசவப் பகுதி படமாகும்போது லூசில் பாலுக்கு ஏழாம் மாதம். அறுவைச் சிகிச்சைக்கு நாள் குறிக்க முடியும் என்பதால், அந்த நாளுக்கு ஒளிபரப்பு அட்டவணை பொருந்தி வந்தது. மகன் பிறந்தான் என்று கதையில் முன்பே எழுதியாகிவிட்டது. பிறந்தது மகனாகவே அமைந்தது மட்டும் அதிர்ஷ்டம்.

அவர் ஓய்விலிருந்த காலத்தின் இடைவெளிகளை, முதல் ஆண்டில் எடுத்த பழைய பகுதிகளுக்குப் புதிய முன்காட்சி ஒன்றை ஒட்டி மீண்டும் ஒளிபரப்பி நிரப்பினார்கள். மக்கள் பார்த்ததையே மீண்டும் பார்த்தார்கள். மறு ஒளிபரப்பு என்பது காசாகும் சரக்கு என்று தொலைக்காட்சித் துறை கற்றுக்கொண்ட பெரிய பாடங்களில் இது ஒன்று. ஒரு பெண்ணின் பேறுகால விடுப்பிலிருந்து ஒரு தொழிலின் பொருளாதாரமே கிளைத்தது என்று சொன்னால் சற்று மிகைதான். ஆனால் வெகுதூரம் மிகையல்ல. பிற்பாடு அந்தப் படச்சுருள்களின் உரிமை சிபிஎஸ்ஸுக்குப் பல இலட்சம் டாலருக்கு விற்கப்பட்டது. 1957-இல், லூசில் பால் ஒரு காலத்தில் ஒப்பந்த நடிகையாக இருந்த ஆர்கேஓவின் ஸ்டுடியோ வளாகங்களையே டெசிலு வாங்கியது. 1960-இல் மணமுறிவு. 1962-இல் முன்னாள் கணவரின் பங்கை விலைக்கு வாங்கி, ஒரு பெரிய ஸ்டுடியோவின் தலைவரானார். 1967-இல் 1 கோடியே 70 இலட்சம் டாலருக்கு அதை விற்றார். இந்தப் பெண்ணின் கதையை எந்த விளம்பரதாரரும் தொடராக எடுக்க முன்வரவில்லை.

சொந்த நிறுவனம் வைத்திருந்ததால் கிடைத்த அந்த விடுப்பு மற்றவர்களுக்குக் கிடைக்கவில்லை. பிற்காலத்தில் பெண்ணிய இயக்கத்தின் முக்கியக் குரலான பெட்டி ஃப்ரீடன், 1952-இல் ஒரு தொழிற்சங்க இதழில் பணிபுரிந்துகொண்டிருந்தார். இரண்டாவது முறை கருவுற்றதால் அந்த வேலை தம்மைவிட்டுப் போனதாக அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

க்ளீவ்லாந்தின் வகுப்பறை

இந்த நிகழ்வின் மறுபக்கம் ஒஹாயோ மாநிலத்தின் க்ளீவ்லாந்து நகரில் இருக்கிறது. 1950-களின் தொடக்கத்தில் அந்நகரின் கல்வி வாரியம் ஒரு விதி கொண்டுவந்தது: கருவுற்ற ஆசிரியை, பேற்றுநாளுக்கு ஐந்து மாதங்களுக்கு முன்பே சம்பளமில்லாத விடுப்பில் போய்விட வேண்டும், குழந்தைக்கு மூன்று மாதம் முடிந்த பிறகு வரும் அடுத்த பருவத் தொடக்கத்தில்தான் திரும்ப முடியும். அப்போதும் வேலை உறுதியல்ல. இதே போன்ற விதிகள் நாட்டின் பல பள்ளி வாரியங்களில் இருந்தன. விமான நிறுவனங்கள் பணிப்பெண்களை இதைவிடக் கடுமையாக நடத்தின.

க்ளீவ்லாந்து விதியை 1971-இல் ஜோ கேரல் லஃப்ளர் என்ற ஆசிரியை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனார். விதி பிறந்தபோது கல்விக் கண்காணிப்பாளராக இருந்த மார்க் சின்னரர் சாட்சியம் அளித்தார். மாணவர்களின் கிசுகிசுச் சிரிப்பிலிருந்து ஆசிரியையைக் காப்பாற்றுவது விதியின் நோக்கங்களில் ஒன்று என்றார். நான்காம் மாத முடிவை எல்லையாக வைத்ததற்குக் காரணம், அப்போதுதான் வயிறு தெரியத் தொடங்கும் என்பது. இதே வழக்கோடு சேர்த்து விசாரிக்கப்பட்ட வர்ஜீனியா வழக்கில், டீச்சர் தர்ப்பூசணியை விழுங்கிவிட்டார் என்று பிள்ளைகள் சொல்கிறார்கள் என்பதை ஒரு வாரிய உறுப்பினர் காரணமாகக் காட்டினார்.

இந்த விதியை ஒரு கணம் ஹாலிவுட் படப்பிடிப்புத் தளத்துக்குக் கொண்டுபோய் வைத்துப் பார்க்கலாம். மகன் பிறந்தது ஜனவரி 19. அதற்கு ஐந்து மாதங்களுக்கு முன், அதாவது 1952 ஆகஸ்ட் நடுவிலேயே லூசில் பால் வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். அக்டோபரில் தொடங்கிப் படமான ஏழு பகுதிகளில் ஒன்றில்கூட அவர் நின்றிருக்க முடியாது. க்ளீவ்லாந்தின் பிள்ளைகள் திங்கட்கிழமை இரவு வீட்டில் அந்த வயிற்றைப் பார்த்துச் சிரித்தார்கள். செவ்வாய்க்கிழமை காலை வகுப்பறையில் அதைப் பார்த்துவிடக் கூடாது என்று விதி இருந்தது. இரண்டுக்கும் முரண்பாடு இருப்பதாக யாருக்கும் தோன்றாததற்கு ஒரு காரணம், திரையில் இருந்தவள் வேலை செய்வதாகக் காட்டப்படவில்லை என்பதே. கூச்சம் வயிற்றைப் பற்றியது மட்டுமாக இருந்திருந்தால் லூசி அதைத் தீர்த்திருப்பாள். வயிறு எந்த இடத்தில் இருக்கிறது என்பதுதான் கேள்வியாக இருந்தது. அந்தக் கேள்வியைத் தொடர் தொடவில்லை.

உச்ச நீதிமன்றம் 1974 ஜனவரி 21-இல், லூசியின் பிரசவத்துக்கு இருபத்தொரு ஆண்டுகளும் இரண்டு நாள்களும் கழித்து, ஏழுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் அந்த விதிகளைச் செல்லாதவை என்றது. தர்ப்பூசணியும் கிசுகிசுச் சிரிப்பும் தீர்ப்பின் அடிக்குறிப்பில் இடம்பெற்றன. ஆயினும் 1976-இல் ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனம் தொடர்பான வழக்கில், உடல்நலக் குறைவுக்கான ஊதியத் திட்டத்திலிருந்து கர்ப்பத்தை விலக்குவது பெண்களுக்கு எதிரான பாகுபாடு ஆகாது என்று அதே நீதிமன்றம் கூறியது. அதைச் சரிசெய்யத்தான் 1978 அக்டோபரில் கர்ப்பப் பாகுபாட்டுத் தடைச் சட்டம் வந்தது. இந்த மாற்றங்களைக் கொண்டுவந்தவர்கள் வழக்குத் தொடுத்த ஆசிரியைகளும் தொழிற்சங்கப் பெண்களும் வழக்கறிஞர்களும். தொலைக்காட்சிக்கு இதில் நேரடிப் பங்கு இருந்ததாகக் காட்ட என்னால் இயலவில்லை. வயிற்றைப் பார்த்து முகம் சுளிக்காத ஒரு தலைமுறையை அது பழக்கியிருக்கலாம் என்பது வரை ஒப்புக்கொள்வேன்.

நாற்பது ஆண்டுகள் கழித்து

அதே சிபிஎஸ்ஸில் 1992 மே 18-இல் இன்னொரு நாயகிக்குக் குழந்தை பிறந்தது. மர்ஃபி பிரவுன், அதே பெயர் கொண்ட தொடரின் நாயகி, நாற்பதைக் கடந்த தொலைக்காட்சிச் செய்தியாளர், மணமாகாதவள். ஏறத்தாழ 3 கோடியே 80 இலட்சம் பேர் பார்த்தார்கள். அவளுடைய கர்ப்பத்தின் பெரும்பகுதி செய்தி அறையில் கழிந்தது. நேர்ச் சொல்லைத் தயங்காமல் பேசினார்கள். மதகுருமார் யாரையும் கேட்கவில்லை. மறுநாள் சான் ஃபிரான்சிஸ்கோவில், லாஸ் ஏஞ்சலிஸ் கலவரத்தின் பின்னணியில் பேசிய துணைக் குடியரசுத் தலைவர் டான் குவெயில், தந்தையின் முக்கியத்துவத்தைக் கேலி செய்து தனியாகக் குழந்தை பெற்றுக்கொள்கிறாள் என்று அந்தக் கற்பனைப் பெண்ணைப் பெயர் சொல்லிச் சாடினார். நாடு வாரக்கணக்கில் அதைப் பற்றி வாதிட்டது. அடுத்த பிப்ரவரியில், பெரிய நிறுவனங்களின் ஊழியர்களுக்குப் பன்னிரண்டு வார விடுப்பை உறுதிசெய்யும் சட்டம் கையெழுத்தானது, சம்பளமில்லாமல்.

குவெயிலின் அந்த உரையில் மர்ஃபி பிரவுன் அறிவாளியாக, நல்ல சம்பளம் வாங்கும் தொழில்முறைப் பெண்ணாக வருணிக்கப்படுகிறாள். கணவன் இல்லை என்பதுதான் அவள் மீதான குறை. வயிற்றோடு அலுவலகம் போனதைப் பற்றி அதில் ஒரு வார்த்தையும் இல்லை.